வயிற்றில் ஒரு வாய்: குழாய், பார்வை, கையொப்பம்

உடல் பற்றிய பேச்சு நம்மிடையே முப்பதாண்டுகளுக்கும் மேலாக நடந்துவருகிறது. தண்டிக்கப்படும் உடல், இச்சிக்கும் உடல், தீட்டாக்கப்பட்ட உடல், எழுதப்படும் உடல் என்று எத்தனையோ உடல்கள் சிறுபத்திரிகைப் பக்கங்களில் நடமாடிவிட்டன. நானும் என் பங்குக்குச் சிலவற்றை நடமாட விட்டிருக்கிறேன். ஆனால் இந்த உடல்களில் ஒன்றாவது உட்கார்ந்து சாப்பிட்டதாக எனக்கு நினைவில்லை. பசி பற்றி எழுதினோம். அது வர்க்கம் பற்றிய பேச்சின் பகுதியாக வந்தது. விழுங்குவது பற்றி யாரும் எழுதவில்லை. விழுங்குதல் தானாக நடக்கும் காரியம், அதில் சொல்லாடலுக்கு என்ன இடம் என்று விட்டுவிட்டோம் போலிருக்கிறது. தானாக நடப்பது நின்றுபோகிற இடத்தில்தான் அதிகாரம், அறிவு, கவனிப்பு, பணம் எல்லாம் ஒரே நேரத்தில் உள்ளே வருகின்றன. இதை நான் புத்தகத்திலிருந்து தெரிந்துகொள்ளவில்லை என்பதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன்.

அம்மா இருபத்தாறு வருஷம் சத்துணவு அமைப்பாளராக இருந்தவள். 'தலைக்கு நூறு கிராம் அரிசி' என்று எடைபோட்டு, பதிவேட்டில் ஏற்றி, கையெழுத்துப் போட்டு, பிள்ளைகள் சாப்பிட்டு முடித்தபிறகு சாப்பிட்டவள். அவளுக்கு விழுங்குதல் ஓர் ஒழுங்கோடு நின்றது. முதலில் தோசை இறங்கவில்லை. அப்புறம் குழைந்த சோறு. அப்புறம் கஞ்சி. கடைசியில் சொந்த எச்சிலையே ஒரு டம்ளரில் துப்பிக்கொண்டிருந்தாள். தொண்டையின் அடியில், உணவுக்குழல் ஆரம்பிக்கும் இடத்தில் புற்று. கதிர்வீச்சும் மருந்தும் சேர்த்து ஏழு வாரம் கொடுக்க வேண்டும், ஆனால் இந்த எடையில் தாங்கமாட்டாள் என்றார்கள். மூக்கு வழியாக ஒரு 'ரைல்ஸ் ட்யூப்' போட்டார்கள். அது மூக்கில் புண்ணாக்கியது, இரவில் அவளே இழுத்துவிட்டாள், மறுபடி போட்டார்கள். பிறகு வயிற்றிலேயே நேராகப் போட்டுவிடலாம் என்று முடிவானது. எண்டோஸ்கோப்பிக் குழாய் கட்டியைத் தாண்டிப் போகவில்லை. "பரவாயில்ல, எக்ஸ்ரேல பாத்தே போட்டுடலாம்" என்றார் மருத்துவர். அந்த 'பாத்தே' என்ற சொல்லில்தான் இந்தக் கட்டுரை ஆரம்பமானது.

இதற்கு மருத்துவத்தில் 'கேஸ்ட்ராஸ்டமி' என்று பெயர். கிரேக்கத்தில் 'கஸ்தேர்' என்றால் வயிறு, 'ஸ்டோமா' என்றால் வாய். வயிற்றில் ஒரு வாய். நம்முடைய மருத்துவமனைப் பேச்சில் இது 'ஓட்டை' ஆகிவிடுகிறது. "அம்மாவுக்கு வியாழக்கிழமை ஓட்டை போட்டுடுவாங்க" என்றார் செவிலியர். கலைச்சொல்லாக்கக்காரர்கள் 'இரைப்பைத் துளை' என்கிறார்கள். ஓட்டை, துளை இரண்டுமே இழப்பைச் சொல்பவை. பானையில் ஓட்டை, படகில் ஓட்டை. வாய் என்பது அப்படியல்ல. தமிழில் வாய் என்பது உண்ணும் இடம், பேசும் இடம். நன்னூல் அதை ஏழாம் வேற்றுமை உருபுகளில் ஒன்றாகவும் வைத்து, வெறுமனே 'இடம்' என்றே ஆக்கிவிடுகிறது. இவ்வளவு விரிந்த ஒரு சொல் கையில் இருந்தும் நாம் ஓட்டையைத் தேர்ந்துகொண்டோம். மொழிபெயர்ப்பில் எது கைவிடப்படுகிறது என்பதைப் பார்த்தாலே ஒரு சமூகம் நோயாளியை எங்கே வைத்திருக்கிறது என்று தெரியும். (இதை நான் அம்மாவிடம் சொன்னபோது அவள் கரகரத்த குரலில் சொன்னது: "ஓட்டையோ வாயோ, உள்ள போனாச் சரிதான்ய்யா." கோட்பாட்டாளன் வாயை மூடிக்கொள்ள வேண்டிய தருணம்தான்.)

வயிற்று வாயின் வரலாறு உணவூட்டுவதில் தொடங்கவில்லை. பார்ப்பதில் தொடங்குகிறது. 1822 ஜூனில் அமெரிக்காவின் மக்கினாக் தீவில், ரோமத் தோல் வணிகக் கம்பெனியின் கடையில் ஒரு துப்பாக்கி தற்செயலாக வெடித்தது. குண்டு பாய்ந்தவர் அலெக்சிஸ் செயின்ட் மார்ட்டின் என்ற பிரெஞ்சுக் கனடியப் படகுக் கூலியாள். ராணுவ மருத்துவர் வில்லியம் பியூமோன்ட் அவரைப் பிழைக்க வைத்தார். ஆனால் காயம் மூடவில்லை. இரைப்பை வயிற்றுச் சுவரோடு ஒட்டிக்கொண்டு வெளியே ஒரு துவாரமாக நின்றுவிட்டது. 1825 முதல் 1833 வரை பியூமோன்ட் அந்தத் துவாரம் வழியே பட்டுநூலில் இறைச்சித் துண்டையும் ரொட்டியையும் முட்டைக்கோசையும் கட்டி இறக்கினார், இத்தனை மணி நேரம் கழித்து வெளியே இழுத்துப் பார்த்தார், சாற்றை எடுத்துக் குப்பியில் வைத்துச் சோதித்தார். இருநூற்றுக்கும் மேற்பட்ட சோதனைகள். செரிமானம் ஒரு வேதிச் செயல் என்பதை உலகம் இப்படித்தான் உறுதி செய்துகொண்டது. 1833இல் புத்தகம் வந்தது. பியூமோன்ட் உடலியங்கியலின் முன்னோடிகளில் ஒருவரானார். செயின்ட் மார்ட்டின் அந்த வீட்டு வேலைக்காரராகவும் இருந்தார். விறகு பிளந்த வயிறும் சோதிக்கப்பட்ட வயிறும் ஒன்றுதான். 1832இல் ஒப்பந்தம் ஒன்று எழுதப்பட்டது: ஆண்டுக்கு 150 டாலரும் சாப்பாடும் தங்குமிடமும், பதிலுக்கு வயிறு. எழுத்தறியாத செயின்ட் மார்ட்டின் அதில் கீறல் போட்டார்.

அவர் 1880இல் இறந்தபோது, பின்னால் பெரும்புகழ் பெற்ற மருத்துவர் வில்லியம் ஆஸ்லர் அந்த வயிற்றை அருங்காட்சியகத்துக்காகக் கேட்டார். குடும்பம் ஒன்று செய்தது. உடலைச் சில நாள் வெயிலில் அழுகவிட்டு, எட்டடி ஆழத்தில் புதைத்தது. எதிர்ப்பு பற்றி எத்தனையோ கோட்பாடுகளைப் படித்திருக்கிறேன். அழுகல் நாற்றத்தை ஆயுதமாகப் பயன்படுத்திய இந்தக் குடும்பத்தை எந்தப் புத்தகத்திலும் மேற்கோளாகப் பார்த்ததில்லை.

மூக்குக் குழாயின் கதையும் இதே திசைதான். நம்மூரில் கம்பவுண்டர் முதல் ஆயாம்மா வரை சொல்கிற 'ரைல்ஸ் ட்யூப்', ஜான் ஆல்ஃபிரட் ரைல் என்ற லண்டன் மருத்துவரின் பெயரைத் தாங்கியது. 1921இல் அவர் அதை வடிவமைத்தது ஊட்டுவதற்காக அல்ல. வயிற்றுச் சாற்றை அவ்வப்போது உறிஞ்சி எடுத்துப் பரிசோதிக்கத்தான். அதே ரைல் பிற்பாடு கேம்பிரிட்ஜின் மிகப் பெரிய மருத்துவப் பேராசிரியர் பதவியை விட்டுவிட்டு 1943இல் ஆக்ஸ்ஃபோர்டில் சமூக மருத்துவத்தின் முதல் பேராசிரியரானார். நோய்க்குக் காரணம் தனியுடலில் மட்டுமில்லை, வேலையிலும் கூலியிலும் வீட்டிலும் இருக்கிறது என்று வாதாடினார். அந்த ரைலை நாம் மறந்துவிட்டோம். குழாயை மட்டும் வைத்துக்கொண்டோம்.

எடுக்கும் துவாரம் கொடுக்கும் துவாரமாக மாறுவதற்குக் காலம் பிடித்தது. 1849இல் ஸ்ட்ராஸ்பர்க்கில் செதியோ என்ற அறுவை மருத்துவர் முயன்றார், நோயாளி பிழைக்கவில்லை. 1875இல் லண்டனில் சிட்னி ஜோன்ஸ் செய்தது முதல் வெற்றியாகக் குறிக்கப்படுகிறது. அதன்பின் நூறாண்டுகள் வயிற்றைக் கிழித்துத்தான் வைத்தார்கள். 1979இல் கிளீவ்லாந்தில் காடெரெரும் பான்ஸ்கியும் ஒரு கைக்குழந்தைக்கு எண்டோஸ்கோப்பியின் வெளிச்சத்தை வயிற்றுச் சுவர் வழியே பார்த்து, கிழிக்காமல் வைத்தார்கள். 1981இல் கனடாவில் பிரெஷா எக்ஸ்ரே திரையைப் பார்த்து வைக்கும் முறையைப் பதிவு செய்தார். அம்மாவுக்குச் செய்தது இந்த இரண்டாவது வம்சம். எண்டோஸ்கோப்பி வழியில் குழாயை வாய்க்குள் விட்டு, தொண்டையைத் தாண்டி இழுத்து, வயிற்றால் வெளியே கொண்டுவருவார்கள். அப்படி இழுக்கையில் தொண்டைப் புற்றின் செல்கள் வயிற்றுத் துவாரத்தில் போய் முளைத்த நிகழ்வுகள் மருத்துவ இதழ்களில் பதிவாகியிருக்கின்றன. எக்ஸ்ரே வழியில் வெளியிலிருந்து நேராக உள்ளே போய்விடலாம்.

தொழில்நுட்பர் ஒருவர் தெரிந்தவர் என்பதால் ஈயக் கண்ணாடிக்குப் பின்னால் நிற்க என்னை அனுமதித்தார். முந்தின இரவே மூக்குக் குழாய் வழியாகக் கொஞ்சம் பேரியம் விட்டிருந்தார்கள். காலையில் அது பெருங்குடலுக்குப் போய் அதன் இருப்பிடத்தைக் காட்டிக்கொடுக்கும். ஸ்கேன் கருவியை வயிற்றில் உருட்டி, கல்லீரலின் விளிம்பு எதுவரை வருகிறது என்று தோலில் பேனாவால் கோடு போட்டார் மருத்துவர். கல்லீரல் மேலே, பெருங்குடல் கீழே, நடுவில் ஒரு சின்ன நிலம். அந்த நிலத்தில்தான் குத்த வேண்டும். வயிறு அசையாமலிருக்க ஓர் ஊசி. பிறகு மூக்குக் குழாய் வழியே காற்றை ஏற்றினார்கள், சிரிஞ்சு சிரிஞ்சாக. அந்தத் திரையில் எலும்பு இருட்டாகவும் காற்று வெளிச்சமாகவும் தெரிந்தது. சாதாரண எக்ஸ்ரேப் படத்தின் தலைகீழ். ஐந்து வாரமாகச் சுருங்கிக் கிடந்த வயிறு, வெளிச்சமான பலூன் மாதிரி விரிந்து வயிற்றுச் சுவரோடு வந்து முட்டியது. அம்மா முனகினாள். ஆரோக்கியமான வயிறு நிறைந்தபோது எப்படி இருக்குமோ அப்படி இருந்தது திரையில். உள்ளே இருந்தது வெறுங்காற்று.

தோலை மரக்கவைத்துவிட்டு ஊசியால் குத்தினார். சின்ன உலோகக் குச்சி ஒன்றை நூலோடு உள்ளே தள்ளி, நூலை இழுத்து, இரைப்பையை வயிற்றுச் சுவரோடு சேர்த்துக் கட்டினார். மூன்று இடத்தில் அப்படி. செயின்ட் மார்ட்டினுக்குத் துப்பாக்கிக் குண்டு தற்செயலாகச் செய்த காரியத்தை இங்கே முறைப்படி செய்கிறார்கள் என்று எனக்கு அப்போது தோன்றியது. நடுவில் இன்னொரு ஊசி. இங்கே ஒன்றைக் கவனித்தேன். ஊசி உள்ளே போனதும் மருத்துவர் திரையைப் பார்க்கவில்லை, தண்ணீர் நிரம்பிய சிரிஞ்சைப் பார்த்தார். பின்னால் இழுத்தபோது அதில் காற்றுக் குமிழி வந்தது. "வந்துட்டோம்" என்றார். அப்புறம்தான் மருந்துச் சாயத்தை விட்டார். இரைப்பையின் மடிப்புகள் உழவு வயல் மாதிரித் திரையில் எழும்பின. கம்பி போயிற்று, சுருண்டது. துவாரத்தை ஒவ்வொரு அளவாக அகலப்படுத்தினார். பதினான்கு 'பிரெஞ்ச்' அளவுக் குழாய், அதாவது ஐந்து மில்லிமீட்டருக்குக் கொஞ்சம் குறைவு, உள்ளே இறங்கியது. நுனியிலுள்ள குட்டிப் பலூனில் தண்ணீர் ஏற்றினார்கள். மொத்தம் அரைமணி நேரம்.

மிஷல் ஃபூக்கோ 1963இல் எழுதிய 'க்ளினிக்கின் பிறப்பு' நம் தலைமுறைக்கு ஒரு சொல்லைக் கொடுத்தது: மருத்துவப் பார்வை. பதினெட்டாம் நூற்றாண்டின் இறுதியில் மருத்துவம் பிணத்தைத் திறந்து பார்க்க ஆரம்பித்தபோது, நோயாளியின் பேச்சை நம்பியிருந்த மருத்துவம் உடலின் ஆழத்தை நேராகக் காணும் மருத்துவமாயிற்று என்பது அதன் சாரம். நாம் இதை எடுத்துக்கொண்டு வந்தபோது, பார்வை என்பதை எல்லாம் காணும், எல்லாம் அறியும், தவறே செய்யாத ஓர் அரசனாக ஆக்கிவிட்டோம். கோவில் கருவறையிலிருந்து வெளியேற்றிய சர்வக்ஞனை மருத்துவமனையில் உட்கார வைத்த மாதிரி. ஈயக் கண்ணாடிக்குப் பின்னால் நான் கண்ட பார்வை அரைக்குருடு. அதற்கு ஆழம் தெரியாது, திரை தட்டையானது. ஊசி இரைப்பைக்குள் இருக்கிறதா அதன் முன்னால் இருக்கிறதா என்று நிழலைப் பார்த்துச் சொல்ல முடியாது. அதனால்தான் கருவியைச் சாய்த்துச் சாய்த்துப் பார்த்தார்கள். அதனால்தான் ஒரு காற்றுக் குமிழியின் சாட்சி தேவைப்பட்டது. அந்தப் பார்வையின் பலமே தன் குருட்டுத்தனத்தைத் தெரிந்துவைத்திருப்பதுதான். பேரியம், பேனாக் கோடு, குமிழி, சாயம் எல்லாம் 'எனக்குத் தெரியவில்லை' என்று ஒவ்வொரு கட்டத்திலும் ஒப்புக்கொள்ளும் ஏற்பாடுகள். நம்முடைய விமரிசனப் பார்வைக்கு இப்படியொரு குமிழி உண்டா என்று யோசித்துக்கொண்டிருந்தேன். பிரதிக்குள் வந்துவிட்டோம் என்று நாம் எதை வைத்துச் சொல்கிறோம்?

இதனால் மருத்துவத்தில் அதிகாரமில்லை என்று நான் சொல்வதாக நண்பர்கள் எடுத்துக்கொள்ள வேண்டாம். அதிகாரம் இருந்தது, திரையில் இல்லை. அது இருந்த இடம் காகிதம்.

முந்தின நாள் மாலை செவிலியர் ஒப்புதல் படிவத்தைக் கொண்டுவந்தார். கட்டிலில் அம்மா உட்கார்ந்திருந்தாள். நான் பக்கத்தில் நின்றுகொண்டிருந்தேன். படிவம் என்னிடம் நீட்டப்பட்டது. அதை ஒரு பிரதியாக இப்போது வாசிக்கிறேன், அப்போது வாசிக்கவில்லை. அதில் ஒரு 'நான்' இருக்கிறது. அந்த 'நான்' யார் என்பதை நோயாளி, உறவினர் என்ற இரண்டு சொல்லுக்கு நடுவிலுள்ள ஒரு சாய்கோடு தீர்மானிக்காமல் விட்டுவிடுகிறது. வினைகள் எல்லாம் செயப்பாட்டு: 'செய்யப்படும்', 'ஏற்படக்கூடும்', 'விளக்கப்பட்டது'. தமிழுக்கு இயல்பில்லாத இந்த -படு, செய்கிறவரை வாக்கியத்திலிருந்து வெளியேற்றிவிடுகிறது. எனக்குப் புரியும் மொழியில் விளக்கப்பட்டது என்ற பொருளில் ஒரு வரி. இறந்தகாலம். ஆனால் அந்த நிமிஷம்வரை யாரும் எதையும் விளக்கியிருக்கவில்லை. விளக்கம் என்பது கையெழுத்துப் போட்டபிறகு கடந்தகாலத்தில் நடந்துமுடிந்ததாக ஆகிவிடுகிறது. கீழே அபாயங்களின் பட்டியல்: ரத்தக்கசிவு, தொற்று, பெருங்குடலில் துளை, குழாய் நழுவுதல், அரிதாக மரணம். 'அரிதாக' என்ற சொல் அச்சில் மற்றதைவிடச் சிறியதாக இருந்ததா, அல்லது எனக்கு அப்படித் தோன்றியதா தெரியவில்லை.

நான் கையெழுத்துப் போட்டேன். போட்டுவிட்டு நிமிர்ந்தபோது அம்மா தலையணைக்கடியில் கண்ணாடியைத் தேடிக்கொண்டிருந்தாள்.

அவ்வளவுதான் நடந்தது. யாரும் மிரட்டவில்லை. செவிலியருக்கு இன்னும் நான்கு கட்டில் பாக்கி. படிவத்தை நீட்டிய கையில் அதிகாரம் என்று ஒன்று இருந்திருந்தால் அதை வாங்கிக்கொண்டது என் கை. கீறல் போட்ட செயின்ட் மார்ட்டினுக்காவது அந்தக் கீறல் தன்னுடையது. இருபத்தாறு வருஷம் அரிசிக்கும் பருப்புக்கும் எண்ணெய்க்கும் நாள்தோறும் கையெழுத்துப் போட்டவளின் வயிற்றுக்கு, மருத்துவ அதிகாரம் பற்றி மேடையில் பேசிய மகன் கையெழுத்துப் போட்டான்.

இன்னொன்று. அம்மாவின் பழைய கோப்பைப் புரட்டிய இளம் மருத்துவர், "ரத்தசோகை ரொம்ப வருஷமா இருந்துச்சா?" என்று கேட்டார். இருந்தது. அது இல்லாத பெண் எங்கள் தெருவில் யார்? நீண்டகால இரும்புச்சத்துக் குறைவு, விழுங்கச் சிரமம், தொண்டையின் இதே இடத்தில் பெண்களுக்கு வரும் புற்று ஆகியவற்றுக்குள்ள உறவைப் பேட்டர்சன், பிரவுன் கெல்லி என்ற இரண்டு பிரிட்டிஷ் மருத்துவர்களின் பெயரோடு சேர்த்துச் சொல்கிறார்கள். அம்மாவுக்கு அதுதான் காரணம் என்று யாரும் சொல்லவில்லை, சொல்லவும் முடியாது. ஆனால் எல்லோரும் தின்று முடித்தபின் சட்டியை வழித்துச் சாப்பிடும் பழக்கம் தொண்டைக்குள் ஒரு வரலாறு எழுதும் சாத்தியம் இருக்கிறது என்றால், ரைல் சொன்ன சமூக மருத்துவம் எங்கே போயிற்று? மணிமேகலையில் காயசண்டிகைக்கு எவ்வளவு தின்றாலும் அடங்காத யானைத்தீ என்னும் பசி நோய். அமுதசுரபியில் வந்த உணவு அதைத் தீர்க்கிறது. அங்கே பசி முனிவனின் சாபம். நம் வீடுகளில் சாபமிடுவதற்கு முனிவன் யாரும் வர வேண்டியதில்லை.

குழாய் என்றால் வன்முறை என்று ஒரு சமன்பாடு நம்மிடம் உண்டு. அதற்கு நியாயமும் உண்டு. மணிப்பூரின் இரோம் ஷர்மிளா 2000 நவம்பரில் தொடங்கிய உண்ணாவிரதத்தை 2016 ஆகஸ்ட்டில்தான் முடித்தார். அத்தனை ஆண்டுகளும் அரசு அவரைத் தற்கொலை முயற்சி என்ற குற்றத்தின் பேரில் காவலில் வைத்து, மூக்குக் குழாய் வழியே ஊட்டி உயிரோடு வைத்திருந்தது. ஆயுதப்படைச் சிறப்பு அதிகாரச் சட்டத்தால் யாரையும் சுடலாம் என்று வைத்திருந்த அரசு, ஒருவரைச் சாகவிடமாட்டேன் என்றது. உயிரை நிர்வகிக்கும் அதிகாரம் பற்றி ஃபூக்கோ 1976இல் பேசியதற்கு இதைவிடத் தெளிவான உதாரணம் தேட வேண்டியதில்லை. உண்ணாவிரதம் இருக்கும் கைதிக்கு, அவர் நிதானத்தோடு முடிவெடுத்திருந்தால், வலுவில் ஊட்டக்கூடாது என்று உலக மருத்துவச் சங்கத்தின் டோக்கியோப் பிரகடனம் 1975இலேயே சொல்லிவிட்டது. ஷர்மிளாவின் மூக்கிலிருந்த குழாயும் அம்மாவின் மூக்கிலிருந்த குழாயும் ஒரே பொருள்தான், கடையில் ஒரே விலைதான். ஒன்று 'வேண்டாம்' என்று சொன்னவருக்குப் போடப்பட்டது. மற்றது? வேண்டுமா என்று கேட்கப்படாதவளுக்கு. இந்த இரண்டும் ஒன்றல்ல. ஆனால் இரண்டாவதைப் பற்றிப் பேச நம் கோட்பாட்டு மொழியில் சொல்லே இல்லை. நமக்கு மறுப்பைத்தான் வாசிக்கத் தெரியும்.

குழாயில் போவது உணவா மருந்தா என்பதில் உலகமே குழம்பிக் கிடக்கிறது. அமெரிக்காவின் நான்சி க்ரூஸன் வழக்கில் 1990இல் உச்சநீதிமன்றத்தின் பேச்சு அதை மருத்துவச் சிகிச்சையின் வரிசையில் வைத்தது. அதே ஆண்டு டிசம்பரில் குழாய் எடுக்கப்பட்டு அவர் இறந்தார். 2004இல் போப் இரண்டாம் ஜான் பால் நேர் எதிராகச் சொன்னார்: குழாயில் கொடுத்தாலும் நீரும் உணவும் இயற்கையான பேணல்தான், மருத்துவச் செயலல்ல. மும்பையில் அருணா ஷான்பாக் 1973இல் தாக்கப்பட்டு நினைவிழந்த நாள் முதல், செவிலியர்கள் மசித்த சாப்பாட்டை அவர் வாயில் ஊட்டிவந்தார்கள். 2011இல் அவருக்காகக் கேட்கப்பட்ட கருணைச்சாவை உச்சநீதிமன்றம் மறுத்தபோது அந்தச் செவிலியர்கள் கொண்டாடினார்கள். 2015இல் இறக்கும்வரை பேணினார்கள். அவர்கள் செய்தது உணவா, மருந்தா, அன்பா, அவர் சார்பில் பிறர் எடுத்துக்கொண்ட முடிவா? போப்பைப் போல உறுதியாகச் சொல்ல என்னால் முடியாது. முற்றிய மறதி நோயில் சாப்பிட மறுக்கும் முதியவர்களுக்குக் குழாய் போடுவதால் ஆயுள் கூடுவதாகவோ நிமோனியா தடுக்கப்படுவதாகவோ சான்று இல்லை என்று 1999இல் ஃபினுகேனும் சகாக்களும் 'ஜாமா' இதழில் எழுதினார்கள். கையால் பொறுமையாக ஊட்டுவதே மேல் என்பது இன்று முதியோர் மருத்துவர்களின் பொதுக்கருத்து. ஆக அம்மாவுக்குச் சரியான குழாய் என் பாட்டிக்குத் தவறாக இருந்திருக்கும். குழாயை எதிர்ப்பதோ ஆதரிப்பதோ ஒரு நிலைப்பாடே அல்ல. யாருக்கு, எப்போது, எவ்வளவு நாளைக்கு, யார் கேட்டு என்ற கேள்விகள் மட்டும்தான் உண்டு. இவை கோட்பாட்டுக் கேள்விகள் இல்லை என்று யாராவது சொன்னால், கோட்பாட்டுக்குத்தான் நஷ்டம்.

யாருக்கு என்பதில் பணமும் சேர்த்தி. திரை உள்ள அறை, அதைப் பார்க்கத் தெரிந்த மருத்துவர் இரண்டும் பெரிய நகரங்களில்தான் சேர்ந்து கிடைக்கின்றன. மற்ற ஊர்களில் மாதக்கணக்கில் மூக்குக் குழாயோடு பேருந்தில் வந்துபோகிறவர்களைக் கதிர்வீச்சுப் பிரிவின் வராந்தாவில் நிறையப் பார்த்தேன். துண்டால் முகத்தை மூடியிருப்பார்கள். வயிற்றுக் குழாயின் பெரிய சௌகரியம் அது சட்டைக்குள், சேலைக்குள் மறைந்துவிடும் என்பது. அம்மாவுக்கு முதல் லாபம் அதுதான். "இனி தெருவுல இறங்கலாம்லா" என்றாள்.

உணவியல் நிபுணர் கொடுத்த தாளில் டப்பா மாவின் பெயரும், இத்தனை மில்லி, இத்தனை வேளை என்றும் இருந்தது. டப்பாவின் விலையைக் கேட்ட அன்றே அம்மா அந்தத் தாளைத் திருப்பிப் போட்டு, பின்பக்கத்தில் தன் கணக்கை எழுதினாள்: கேழ்வரகு, பொட்டுக்கடலை, பால், வெல்லம், எண்ணெய் இவ்வளவு இவ்வளவு. மறுமுறை போனபோது நிபுணர் அதைப் பார்த்து, கொஞ்சம் கூட்டிக் குறைத்துச் சரி என்றார். மிக்ஸியில் அடித்து, மெல்லிய துணியில் இரண்டு தரம் வடிகட்டி, ஆறவைத்து, ஐம்பது மில்லி சிரிஞ்சில் பிஸ்டனைக் கழற்றிவிட்டு உயரப் பிடித்து ஊற்ற வேண்டும். தானே இறங்கும்; தள்ளக்கூடாது. பின்னால் தண்ணீர் விட்டுக் கழுவ வேண்டும், இல்லாவிட்டால் அடைத்துக்கொள்ளும். ஊற்றியபின் முக்கால் மணி நேரம் சாய்ந்து உட்கார வேண்டும். முதல் வாரம் நான் ஊற்றினேன். இரண்டாம் வாரம் சிரிஞ்சை என் கையிலிருந்து வாங்கிக்கொண்டாள். கஞ்சியில் ஒரு கல் உப்புப் போடச் சொன்னாள். நாக்கில் படாததற்கு உப்பு எதற்கு என்று கேட்டேன். பதில் சொல்லவில்லை, உப்பில்லாமல் சமைத்ததை யாருக்கும் பரிமாறி அவளுக்குப் பழக்கமில்லை என்று நானாக நினைத்துக்கொண்டேன். சாப்பிடும்போது யாராவது வந்தால் முந்தானையால் மூடிக்கொள்வாள். பிறர் சாப்பிடும்போது அடுக்களையில் நின்றே வாழ்ந்தவள் இப்போது தனியாக அறைக்குள் போய்ச் சாப்பிடுகிறாள். இதில் எவ்வளவு பழையது, எவ்வளவு புதியது என்று பிரித்துப் பார்க்க எனக்குத் தெரியவில்லை.

கதிர்வீச்சு முடிந்தது. இப்போது சில கரண்டி இளநீர் தொண்டையில் இறங்குகிறது. நாலு மாதமானதும் பழைய குழாயை மாற்றிப் புதியது வைக்க வேண்டியிருந்தது. அதே இடம், வேறு செவிலியர், அதே படிவம். என்னிடம்தான் நீட்டினார். வாங்கி அம்மாவிடம் கொடுத்தேன். கண்ணாடியைப் போட்டுக்கொண்டு முதல் வரியிலிருந்து கடைசிவரை படித்தாள். செவிலியர் இரண்டு தரம் மணி பார்த்தார். படித்து முடித்துவிட்டு, படிவத்தில் எங்கும் இல்லாத ஒன்றைக் கேட்டாள்: "பலூன்ல எத்தன மில்லி தண்ணி விடுவீங்கம்மா?"

"அஞ்சு மில்லிம்மா."

ஓரத்தில் சின்னதாக '5 மி.லி.' என்று எழுதிக்கொண்டாள். கையெழுத்துப் போட்டாள், பழக்கதோஷத்தில் அதற்குக் கீழே 'அமைப்பாளர்' என்றும் எழுதிவிட்டாள். செவிலியர் படிவத்தைத் திருப்பிப் பார்த்துவிட்டு என் பக்கம் நீட்டினார். "ரிலேட்டிவ் சைனும் வேணும் சார்."

கீழே போட்டேன்.